சேர வேண்டிய இடம்

வெக்ஸ்போர்ட், ஸ்காபரோ
14 மே 2023, ஞாயிறு

மாட்சிமைக்குரிய ஆண்டகைக்கு,

தோத்திரம். உங்கள் அக்கா கிறிஸ்ரினா எழுதுகிறேன். நாங்கள் நல்ல சுகம். உங்கள் முழங்கால் வலி இப்போது எப்படி? ரோமாபுரியில் வெயில் ஏறியிருக்கும். அந்தச் சின்னத் தொப்பியை நம்பி வெளியே நடக்காமல் குடை பிடித்துக்கொண்டு போங்கள்.

இன்று பூசை முடிந்ததும் பங்குச் சுவாமியார் ஆயரின் ஆணை என்று ஒரு பேப்பரை எடுத்து வாசித்தார். எங்கள் எஸ்தாக்கியார் கோயிலைப் பூட்டப் போகிறார்களாம். ஆட்கள் குறைந்துவிட்டார்கள், கூரை ஒழுகுகிறது, பூசை வைக்கச் சுவாமிமார் இல்லை என்று காரணம் சொல்கிறார்கள். டிசம்பரில் திருவருகைக் காலம் தொடங்க முன்பு கடைசிப் பூசை. அதற்குப் பிறகு எங்களை வேறொரு கோயில் பங்கோடு சேர்த்துவிடுவார்கள். அந்தக் கோயிலுக்கு இரண்டு பஸ் மாறிப் போகவேண்டும்.

உங்கள் அத்தானை நினைத்துத்தான் எனக்குக் கவலை. பாரிசவாதம் வந்து மூன்று வருடமாகிறது. வலது கையும் காலும் போனதோடு பேச்சும் போய்விட்டது என்று உங்களுக்குத் தெரியும். மிஞ்சியிருக்கிற ஒரே சொல் ‘ஓம்’; ‘இல்லை’ என்பதுகூட வராது. தேத்தண்ணி வேண்டுமா என்றாலும் ஓம், வேண்டாமா என்றாலும் ஓம். கல்யாணம் கட்டி நாற்பத்தைந்து வருடத்தில் இப்போதுதான் நான் சொல்வதற்கெல்லாம் ஓம் போடுகிறார் என்று எல்லோருக்கும் பகிடியாகச் சொல்லிக்கொண்டு திரிகிறேன்.

ஆனால் காலைப் பூசைக்கு மட்டும் அவர் தானாகவே போவார். எங்கள் அபார்ட்மென்டில் இருந்து சிக்னலைக் கடந்தால் கோயில். இடது கையால் வீல்செயர்ச் சில்லை உருட்டி, இடது காலால் நிலத்தை உதைத்து உதைத்துப் போவார். நான் பின்னால் போனால் கோபம் வரும். ஏழாம் மாடி ஜன்னலில் நின்று பார்த்துக்கொண்டிருப்பேன். அவர் சொந்தமாகச் செய்கிற காரியம் அது ஒன்றுதான் மிச்சம்.

பங்குச் சனம் எல்லாம் கூடி, பூட்டவேண்டாம் என்று விண்ணப்பம் எழுதிக் கையெழுத்து வைத்திருக்கிறோம். பங்குச்சபைத் தலைவர் கிளிபோட், அதை இங்குள்ள ஆயர் இல்லத்தில் கொடுப்போம் என்றார். நான்தான் மறித்தேன். “பங்குகளைப் பூட்டுற முறைப்பாடெல்லாம் கடைசியில ரோமாபுரிக் கந்தோருக்குத்தானே போகுது? அந்தக் கந்தோரிலேயே என்ர தம்பி இருக்கிறார். பிறகேன் நாங்கள் கீழ்வாசலில நிண்டு தட்டுவான்?” என்று கேட்டேன். எல்லோரும் கை தட்டினார்கள். ஆகவே விண்ணப்பத்தை நேரே உங்களுக்கே நாளைக்குக் கூரியரில் அனுப்புகிறேன். செய்யவேண்டியதைச் செய்யுங்கள்.

உங்கள் ஆசீரை வேண்டும்,
அக்கா கிறிஸ்ரினா


ரோமாபுரி
12 ஜூன் 2023

அன்புள்ள அக்காவுக்கு,

இறைவனின் சமாதானம் உங்கள் இல்லத்தில் தங்குவதாக. முழங்கால் வலி தணிந்திருக்கிறது. படிகளைத் தவிர்க்கச் சொல்லியிருக்கிறார் வைத்தியர். இந்தக் கட்டடத்திலோ படிகளுக்குப் பஞ்சமில்லை.

உங்கள் பிறந்தநாளன்று தொலைபேசியில் உங்கள் குரலைக் கேட்டது பெரிய சந்தோஷம். அன்றே சொன்னதுபோல, கூரியர் அதற்கு முந்திய நாளே பத்திரமாக வந்து சேர்ந்துவிட்டது. மக்களின் விசுவாசம் அந்தத் தாள்களில் தெரிகிறது. ஒவ்வொரு பெயரையும் வாசித்துச் செபித்தேன்.

நம் அலுவலகத்தில் இப்போது வேலை அதிகம். தலைவர் ஓய்வு பெறவிருப்பதால் பல கோப்புகள் என்னிடம் வருகின்றன. அத்தானுக்கு என் விசேட ஆசீரைச் சொல்லுங்கள். ஸ்டெபனிக்கும் பிள்ளைகளுக்கும் அன்பு.

கிறிஸ்துவில்,
+ அகஸ்ரின்


வெக்ஸ்போர்ட்
2 ஜூலை 2023

மாட்சிமைக்குரிய ஆண்டகைக்கு,

தோத்திரம். உங்கள் கடிதத்தைக் கோயில் வாசலில் வைத்து எல்லோருக்கும் வாசித்துக் காட்டினேன். செபித்தேன் என்ற இடத்தில் இரண்டு பேர் அழுதார்கள். கிளிபோட் மட்டும் முகத்தைச் சுளித்துக்கொண்டு, “அக்கா, செபிச்சது சரி. விண்ணப்பத்தை என்ன செய்தவராம்?” என்று கேட்டார். அவருக்கு எப்போதும் ஒரு நொட்டை. “ரோமாபுரி என்ன ரிம் ஹோட்டன் கோப்பிக் கடையோ, கேட்ட உடன கையில தர?” என்று வாயடைத்துவிட்டேன்.

ஆனாலும் உங்களைக் கேட்கிறேன். ஏதாவது நடந்திருக்கிறதா? இங்கே தமிழ்க் கடைக்குப் போனால் மரக்கறி தெரியும் முன்பே நாலு பேர் மறித்துவிடுகிறார்கள். ஆண்டகையின் அக்கா, என்ன செய்தி என்கிறார்கள். வாட்ஸ்அப்பில் கேட்டு எழுதுங்கள் என்கிறாள் மகள் ஸ்டெபனி. ஆண்டகைக்குக் கடிதம்தான் மரியாதை என்று அம்மா சொல்லிவைத்தது எனக்கு இன்னும் காதில் நிற்கிறது. உங்களுக்குக் குருப்பட்டம் கிடைத்த அன்று இரவே, இனிமேல் இவனை ஒருவரும் பேர் சொல்லியோ தம்பி என்றோ கூப்பிடக்கூடாது, சுவாமி என்றுதான் கூப்பிடவேண்டும் என்று வீட்டுக்கே கட்டளை போட்டவ அல்லவா.

நாங்கள் சுகம். அத்தான் இன்றும் தானாகவே கோயிலுக்குப் போய்வந்தார். சிக்னலில் ஒரு பொடியன் தள்ளிவிட வந்தான், கையைத் தட்டிவிட்டார்; ஜன்னலில் பார்த்தேன்.

அன்புடன்,
அக்கா


ரோமாபுரி
30 ஆகஸ்ட் 2023

அன்புள்ள அக்காவுக்கு,

இறைவன் அருளால் நலம். ஆகஸ்ட் மாதத்தில் இங்கே அலுவலகங்கள் மூடியிருக்கும், அதனால் பதில் தாமதமாகிவிட்டது. பொறுத்துக்கொள்ளுங்கள்.

ஒரு செய்தி. திருத்தந்தை அவர்கள் என்னை இந்த அலுவலகத்தின் தலைமைப் பொறுப்புக்கு நியமித்திருக்கிறார். தகுதியற்ற ஊழியன் நான். நம்மூர்ப் பாசையூரில் இருந்து புறப்பட்ட ஒருவனுக்கு இது எவ்வளவு பெரிய அருள் என்று நினைத்துக் கண்ணீர் வந்தது. அம்மா இருந்திருக்கலாம்.

உங்கள் ஆலயத்தைப் பற்றி நினைக்காத நாளில்லை. ஆனால், அக்கா, கட்டடத்தைவிட விசுவாசம் பெரிது. உள்ளூர் ஆயரின் தீர்மானத்துக்குப் பணிவதும் ஒரு புண்ணியம்தான். அத்தானும் அதைப் புரிந்துகொள்வார் என்று நம்புகிறேன். குளிர் தொடங்கும் முன்பு உங்கள் இரத்த அழுத்தத்தைப் பார்த்துக்கொள்ளுங்கள்.

கிறிஸ்துவில்,
+ அகஸ்ரின்


வெக்ஸ்போர்ட்
24 செப்டம்பர் 2023

தம்பி,

ஓம், தம்பி என்றுதான் எழுதியிருக்கிறேன். அம்மாவின் கட்டளையை அம்மாவிடம் போய்ச் சேரும்போது நான் பார்த்துக்கொள்கிறேன்.

உன் பதவிச் செய்தி வந்த கடிதத்தை வைத்துக்கொண்டு மூன்று நாள் யோசித்தேன். பிறகு ஸ்டெபனியைக் கொண்டு இங்குள்ள ஆயர் இல்லத்துக்குப் போன் எடுப்பித்தேன். நல்ல மரியாதையாகக் கதைத்தார்களாம். கோயிலைப் பூட்டுகிற ஆணை சனத்துக்குத் தெரிந்த நாளில் இருந்து பத்து நாளுக்குள், அந்த ஆணையைப் போட்ட ஆயருக்கே முதலில் எழுதவேண்டுமாம். அவர் மறுத்தால்தான் ரோமாபுரிக்கு அடுத்த விண்ணப்பம். எங்களிடம் இருந்து ஒரு துண்டுகூட அவர்களுக்கு வரவில்லையாம். “அம்மா, டெட்லைன் எப்பவோ முடிஞ்சுது. வீ மிஸ்ட் இற்” என்றாள் ஸ்டெபனி. போனை வைத்துவிட்டு என்னை நிமிர்ந்து பார்க்கவில்லை.

அவள் பார்க்காதது நல்லது. கிளிபோட் சரியான வாசலுக்குத்தான் போக நின்றார். மறித்தவள் நான். என் தம்பி, என் தம்பி என்று நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு மறித்தவள் நான்!

இப்போது நீ கேள். என் பிறந்தநாள் மே பத்தொன்பது. ஆணை வாசித்தது மே பதினாலு. பத்து நாளில் ஐந்து நாள்தான் போயிருக்க, பிறந்தநாளன்று நீ ரெலிபோன் எடுத்தாய். கூரியர் கிடைத்தது என்றாய். ரோஜாக் கன்று பூத்திருக்கிறது என்றாய். கேக் வெட்டினீர்களோ என்றாய். பிறகு அத்தானிடம் போனைக் கொடுக்கச் சொல்லி அவருக்கு ஆசீர் கொடுத்தாய். அவ்வளவு நேரத்துக்குள் ஒரு வசனம் சொல்லியிருக்கலாம். “அக்கா, இதை எனக்கு அனுப்பக்கூடாது, ஆயருக்குக் கொடுங்கோ.” இவ்வளவுதான். அந்த வசனத்தை விழுங்கிவிட்டு ரோஜாவைக் கதைத்திருக்கிறாய்.

தெரியாமல் விட்டாய் என்று சொல்லாதே. திருச்சபைச் சட்டம் படிக்கத்தானே உன்னை ரோமாபுரிக்கு அனுப்பினார்கள். திரும்பி வந்து நம்மூர் ஆயரின் செயலாளராக இருந்தாய். பிறகு மறுபடி அங்கே போய் இருபத்தாறு வருடம் அதே கந்தோரில் கதிரைக்குக் கதிரை மாறி இருக்கிறாய். உலகத்தில் எந்தப் பங்கைப் பூட்டினாலும் அந்தக் கோப்பு உன் மேசைக்கு வருகிறது. உனக்குத் தெரியாத பத்து நாளா?

ஒரு கேள்விக்குப் பதில் எழுது. முகம் தெரியாத ஒரு பிலிப்பீன்காரி இதே விண்ணப்பத்தை உன் கந்தோருக்கு இடம் மாறி அனுப்பியிருந்தால், நீ என்ன செய்திருப்பாய்?

சுகம் விசாரிக்க எனக்கு இப்போது மனமில்லை.

கிறிஸ்ரினா


ரோமாபுரி
21 அக்டோபர் 2023

அன்புள்ள அக்காவுக்கு,

இறைவனின் சமாதானம். உங்கள் கடிதத்தைப் பல தடவை வாசித்தேன். வேதனைப்படுகிறேன். கோபத்தில் எழுதியதை நான் மனதில் வைத்துக்கொள்ளவில்லை.

என் நிலையை நீங்கள் புரிந்துகொள்ளவேண்டும். ஒரு ஆயரின் ஆணைக்கு எதிராக என் சொந்தக் குடும்பத்துக்கு நான் வழி சொல்லிக்கொடுத்தேன் என்று ஒரு பேச்சு எழுந்தால், இந்த அலுவலகத்தின் நடுநிலையே கேள்விக்குள்ளாகும். என்னைப் போன்ற ஒரு ஆசிய நாட்டவன் இந்த இடத்துக்கு வந்திருப்பதைப் பொறுக்க முடியாதவர்கள் இங்கே இருக்கிறார்கள். அவர்கள் என் ஒவ்வொரு அசைவையும் பார்த்துக்கொண்டிருந்த காலம் அது. நான் மௌனமாக இருந்தது கடமையினால். அதில் தன்னலம் எதுவும் இல்லை.

மேலும், உரிய காலத்தில் உரிய இடத்துக்குப் போயிருந்தாலும் அந்த விண்ணப்பம் பெரும்பாலும் நிராகரிக்கப்பட்டிருக்கும். என் அனுபவத்தில் சொல்கிறேன்.

அத்தானுக்குத் தினமும் திருப்பலியில் செபிக்கிறேன். உங்கள் உடல்நலம் எப்படி?

கிறிஸ்துவில்,
+ அகஸ்ரின்


வெக்ஸ்போர்ட்
17 டிசம்பர் 2023

தம்பி,

பெரும்பாலும்! அந்தச் சொல்லை எழுதும்போது உன் பேனை நிற்கவில்லையா? பெரும்பாலும் தோற்றிருப்போம் என்றால் தோற்க விட்டிருக்கவேண்டியதுதானே. எங்கள் தோல்வியை நாங்கள் நின்று வாங்கியிருப்போம். அதையும் எங்களிடம் இருந்து எடுத்துக்கொண்டாய்.

பிலிப்பீன்காரிக்கு நீ என்ன செய்திருப்பாய் என்று கேட்டேன். இரண்டு பக்கத்தில் அதற்கு மட்டும் பதில் இல்லை. நானே சொல்கிறேன். உன் எழுதுவினைஞர் அடுத்த நாளே அவளுக்கு இரண்டு வரியில் எழுதியிருப்பார், அம்மணி, இதை உங்கள் ஆயரிடம் கொடுங்கள் என்று. உன் அக்காவாக இருந்ததுதான் என் குற்றம்.

கோயிலைப் பூட்டிவிட்டார்கள். கடைசிப் பூசைக்கு நிற்க இடமில்லாமல் சனம். ஆட்கள் குறைவு என்றவர்கள் அதைப் பார்த்திருக்கவேண்டும். பீடத்தில் நின்ற எஸ்தாக்கியார் சுரூபத்தைப் போர்வையால் சுற்றி ஒரு வான் வண்டியில் ஏற்றினார்கள். சீற் பெல்ட் போட்டு இருத்தினார்கள். கிளிபோட் வான் போகும்வரை பக்கத்தில் நின்றுவிட்டு, “குளிருது அக்கா, வாங்கோ” என்று மட்டும் சொன்னார். அவர் என்னை ஏசியிருக்கலாம்.

புதுக் கோயிலுக்கு ஒரு தடவை போய்ப் பார்த்தோம். முதல் பஸ்ஸில் ஏறிவிட்டோம். இரண்டாவதுக்கு நிற்கிற இடத்தில் றோட்டில் இருந்து வழித்த பனியை மலைபோல் குவித்திருந்தார்கள். சில்லு புதைந்துவிட்டது. நான் தள்ளித் தள்ளி, கையுறை கிழிந்து, கடைசியில் அந்நிய மனுஷர் இரண்டு பேர் தூக்கிவிட்டார்கள். பூசை முடிந்து போய்ச் சேர்ந்தோம். ஸ்டெபனி யூனியன்வில்லில் இருந்து காரில் வந்து கூட்டிப்போவாள்தான், ஆனால் அவளுக்கு வார இறுதியில்தான் ஆஸ்பத்திரி வேலை.

அத்தான் இப்போதும் காலையில் அந்த நேரத்துக்குச் சேர்ட் போடக் கையை நீட்டுகிறார். போட்டுவிடுகிறேன். கதவடிக்கு உருட்டிக்கொண்டு போய் நிற்கிறார். கோயில் பூட்டியாச்சு என்கிறேன். ஓம் என்கிறார். அப்படியே நிற்கிறார்.

உன்னைக் குருமடத்துக்குச் சைக்கிள் பாரில் இருத்தி, பின்னால் தகரப் பெட்டியைக் கட்டி, எதிர்க்காற்றில் மிதித்துக் கொண்டுபோய் விட்ட ஆள் இவர். என்னைக் கல்யாணம் கட்ட முன்பே உன்னைச் சுமந்த மனுஷன்.

உனக்குப் பேராயர் பட்டம் தந்தபோது ஒரு மறைமாவட்டத்தின் பெயரும் தந்தார்களே, வட ஆபிரிக்காவில் எப்போதோ அழிந்துபோன பட்டணம் என்று. அங்கே ஒரு கிறிஸ்தவனும் இல்லை, மணல்தான் என்று நீயே சிரித்துச் சொன்னாய். சனமில்லாத இடத்துக்கு ஆண்டகையாக இருந்து பழகிவிட்டாய். அதுதான் உனக்குச் சனம் என்றால் கோப்பாகத் தெரிகிறது.

நத்தார் வாழ்த்துகள்.

கிறிஸ்ரினா


ரோமாபுரி
11 மார்ச் 2024

அன்புள்ள அக்காவுக்கு,

இறைவனின் சமாதானம். நத்தார்க் கடிதம் கிடைத்தது. உடனே எழுத முடியவில்லை.

மே மாதம் ஒரு மாநாட்டுக்காக ரொறன்ரோ வருகிறேன். நம்முடைய தமிழ்க் கத்தோலிக்கர்கள் சேர்ந்து ஸ்காபரோவில் ஒரு மண்டபம் எடுத்து வரவேற்பு விருந்து ஒழுங்கு செய்கிறார்கள். என்னைக் கேட்காமலே நாள் குறித்துவிட்டார்கள். நீங்களும் அத்தானும் என் பக்கத்தில் இருக்கவேண்டும் என்பது என் ஆசை. நீங்கள் வராவிட்டால் ஆட்கள் பலதும் கதைப்பார்கள்.

திருத்தந்தை ஆசீர்வதித்த செபமாலை ஒன்றை அத்தானுக்காக எடுத்து வைத்திருக்கிறேன். பனி கரைந்துவிட்டதா?

கிறிஸ்துவில்,
+ அகஸ்ரின்


வெக்ஸ்போர்ட்
7 ஏப்ரல் 2024

தம்பி,

நாங்கள் சுகம். பனி கரைந்துவிட்டது.

விருந்துக்கு வருவேன். அத்தானையும் கூட்டிக்கொண்டு வருவேன். ஆட்கள் கதைப்பார்கள் என்பதற்காக இல்லை.

கிறிஸ்ரினா


ரோமாபுரி
10 ஜூன் 2024

அன்புள்ள அக்காவுக்கு,

இறைவனின் சமாதானம். நலமாக வந்து சேர்ந்தேன். அன்று உங்களோடு ஆறுதலாகக் கதைக்க முடியாமல் போனதால் இதை எழுதுகிறேன்.

மோதிரத்தை முத்தமிட எல்லோரும் வரிசையில் வந்தார்கள். உங்கள் முறை வந்தபோது நானும் கையை நீட்டினேன். நீங்கள் அந்தக் கையை எடுத்து அத்தானின் வீல்செயர்க் கைப்பிடியில் வைத்தீர்கள். “தம்பி, அத்தானுக்குப் பாத்ரூமுக்குப் போகவேணும். கூட்டிக்கொண்டு போ. எனக்குப் பசிக்குது, நான் சாப்பிடப் போறன்” என்றீர்கள். மேசையில் இருந்த மைக்கை யாரும் நிறுத்தியிருக்கவில்லை. மண்டபம் முழுவதும் கேட்டது. நீங்கள் திரும்பிப் பார்க்காமல் சோற்றுப் பக்கம் போய்விட்டீர்கள்.

என் செயலாளர் ஓடிவந்தார். நான் வேண்டாம் என்றேன். ஏன் அப்படிச் சொன்னேன் என்று எனக்கே தெரியவில்லை. கம்பளத்தில் சில்லு உருளவே மாட்டேன் என்றது. வீல்செயருக்குப் பிறேக் இருப்பதுகூட எனக்குத் தெரியாது. பிறேக்கைப் போட்டபடியே பாதித் தூரம் தள்ளியிருக்கிறேன் என்று ஒரு வெயிற்றர் வந்து சொன்ன பிறகுதான் விளங்கியது.

உள்ளே போய், அங்கியை மடித்துச் சொருகிக்கொண்டு, செய்யவேண்டியதையெல்லாம் செய்தேன். அத்தான் பாரம். ஒருமுறை இருவரும் விழப் பார்த்தோம். அவர் என் கழுத்தைப் பிடித்துக்கொண்டார். முடிந்தபின் அவர் காலை வீல்செயரின் மிதிபலகையில் எடுத்து வைக்கக் குனிந்தேன். குனிந்தவனால் எழும்ப முடியவில்லை, முழங்கால். அப்படியே இருந்துகொண்டு அவரிடம் கேட்டேன். அத்தான், நான் அந்த நேரம் வாய் திறந்திருக்கவேண்டும், என்னை மன்னிப்பீர்களோ என்று.

அவர் என்னைப் பார்த்து ஓம் என்றார்.

அக்கா, ஒரு வருடமாக என் நெஞ்சில் இருந்த பாரம் அந்த ஒரு சொல்லோடு இறங்கிவிட்டது. அன்று இரவு நிம்மதியாகத் தூங்கினேன். இதை உங்களுக்குச் சொல்லவேண்டும் என்றுதான் எழுதினேன். நமக்குள் இனி எந்த மனக்கசப்பும் வேண்டாம்.

கிறிஸ்துவில்,
+ அகஸ்ரின்


வெக்ஸ்போர்ட்
30 ஜூன் 2024

தம்பி,

கடிதம் கிடைத்தது. நாங்கள் சுகம்.

நீ தள்ளிக்கொண்டு போனதை நான் பார்த்தேன். திரும்பிப் பார்க்காமல் போனேன் என்று எழுதியிருக்கிறாய். சோற்றுப் பாத்திரங்களுக்குப் பின்னால் ஒரு பெரிய கண்ணாடி இருந்தது. அதில் பார்த்துக்கொண்டுதான் நின்றேன். செயலாளரை நீ விலகச் சொன்னபோது எனக்கு அழுகை வந்தது. கோப்பையில் போட்ட சோறு அப்படியே இருந்தது. அதையும் நீ தெரிந்துகொள்.

ஆனால் உன் கடிதத்தின் கடைசிப் பக்கத்தை வாசித்தபோது வந்த ஆத்திரத்தில் அடுப்பில் பருப்பு அடிப்பிடித்ததே எனக்குத் தெரியவில்லை. அத்தான் ஓம் என்றாராம். பாரம் இறங்கிவிட்டதாம். நித்திரை வந்ததாம்!

முதல் கடிதத்திலேயே உனக்கு எழுதியிருந்தேன், அவரிடம் மிஞ்சியது அந்த ஒரு சொல்தான் என்று. கடிதத்தைக் கையில் வைத்துக்கொண்டே அவரைக் கேட்டுப் பார்த்தேன்.

“தம்பியை மன்னிச்சிட்டியளோ?”

“ஓம்.”

“அப்ப மன்னிக்கேல்லையோ?”

“ஓம்.”

“அவன்ர மோதிரத்தைக் கழட்டிக் கொண்டுபோய் ஏரியில எறிவமோ?”

“ஓம்.”

கடைசி ஓமுக்குக் கொஞ்சம் சிரித்தார்.

எத்தனை ஆயிரம் பேரின் பாவசங்கீர்த்தனம் கேட்டவன் நீ. இல்லை என்று சொல்ல வாயில்லாத ஒரு மனுஷனைத் தேடிப் பிடித்து மன்னிப்புக் கேட்டிருக்கிறாய். மறுக்கத் தெரிந்தவள் முப்பது அடி தள்ளிச் சோற்றுக் கோப்பையோடு நின்றாள். அவளிடம் நீ வரவில்லை. திரும்பி வந்து, செபமாலையை என் கையில் வைத்து, “அக்கா, சாப்பிட்டீங்களோ?” என்று கேட்டாய். அன்றைக்கும் ஒரு வசனம்தான் வேண்டியிருந்தது. அன்றைக்கும் அதை விழுங்கினாய். இந்தக் கடிதத்திலும் என்னிடம் கேட்கவில்லை, தேடிப் பார்த்தேன். மனக்கசப்பு வேண்டாம் என்று ஆணைதான் போட்டிருக்கிறாய்.

அவர் உன்னை மனதுக்குள் மன்னித்திருக்கலாம். அவர் அப்படிப்பட்ட ஆள்தான். ஆனால் அது எனக்கும் தெரியாது, உனக்கும் தெரியாது. இன்று காலையும் சேர்ட்டைப் போட்டுக்கொண்டு கதவடியில் நின்றார். அது மட்டும் தெரியும்.

போன வருடம் நான் விண்ணப்பத்தை இடம் மாறி அனுப்பினேன். நீ பார்த்துக்கொண்டு இருந்தாய். இப்போது நீ இடம் மாறிக் கேட்டிருக்கிறாய். உன்னைப்போல் என்னால் பார்த்துக்கொண்டு இருக்க முடியவில்லை. ஆகவே சொல்கிறேன். உன் விண்ணப்பம் சேர வேண்டிய இடம் இந்த வீட்டுச் சமையலறை. ஏழாம் மாடி, லிஃப்டில் இருந்து இடது பக்கம் மூன்றாவது கதவு. செயலாளர் வேண்டாம். கூரியரும் வேண்டாம்.

கேட்டால் தருவேன் என்று நான் சொல்லவில்லை. பத்து நாள் என்று கெடுவும் வைக்கவில்லை. ஆனால் எனக்கு எழுபத்திரண்டு வயது, பிரஷரும் ஏறித்தான் நிற்கிறது.

முழங்காலுக்கு நல்லெண்ணெய் பூசு.

அக்கா